ஊதல் மாகாணத்தின் ஆளுநர்

தேநீருக்கு நன்றி ஐயா. நான் சீனி குறைத்துத்தான் குடிப்பது, ஆனாலும் பரவாயில்லை. நீங்கள் எழுதிக்கொள்ள வசதியாக மெதுவாகவே சொல்கிறேன்.

என் பெயர் அற்புதராணி. குருநகரில் கடலேரியைப் பார்த்த வீடு. என் கணவர் அடைக்கலநாதன் கடற்றொழில் செய்தவர். குடிக்க மாட்டார், கை நீட்ட மாட்டார். இதை முதலில் எழுதுங்கள். அவர்மேல் எனக்கு ஒரு கோபமும் இருந்ததில்லை. கதைக்க மாட்டார், அவ்வளவுதான். விடியக் கடலால் வருவார், குளிப்பார், “சோத்தைப் போடு” என்பார். படுக்கும்போது “லைற்றை நூர்” என்பார். எங்களுடைய பதினெட்டு வருடக் குடித்தனம் அந்த இரண்டு வசனங்களோடுதான் போனது. பிள்ளைகள் இல்லை. வீட்டில் ஒரு குரல் கேட்கட்டும் என்று வானொலியைத் திறந்து வைத்துக்கொண்டு சமைப்பேன்.

போன வருடம், படகு என்ஜினைத் தோளில் சுமந்து வந்தவர் இறங்குதுறையில் வழுக்கி விழுந்தார். முள்ளந்தண்டில் அடி. இடுப்புக்குக் கீழே உணர்ச்சி இல்லை. முன்னறையில் சன்னலோரமாகக் கட்டிலைப் போட்டு அவரைக் கிடத்தினேன். முதல் சில வாரங்கள் கூரையைப் பார்த்தபடியே கிடந்தார். பிறகு, சோளகக் காற்று சன்னலை அடித்துக்கொண்டிருந்த ஒரு மத்தியானம், அவராகவே வாயைத் திறந்தார்.

“ராணி, இதெல்லாம் ஒரு காத்தே? ஊதல் மாகாணத்துக் காத்தை நீ காணோணும்.”

“அது எங்கை இருக்கு?”

“வடமாகாணத்துக்கும் அங்காலை. படத்திலை கீற மறந்துபோனாங்கள்.”

அப்படித்தான் தொடங்கியது. ஊதலில் மழை கிடையாக விழும். அதனால் கிணறுகளைச் சுவரில் வெட்டுவார்கள். வீடுகளைத் தேர்வடம் போன்ற கயிற்றால் பாறையோடு கட்டியிருப்பார்கள். பிள்ளைகளைப் பள்ளிக்கூடம் அனுப்பும்போது சட்டைப்பையில் கல் போட்டுவிடுவார்கள். அங்கே வெளியில் யாரும் கதைப்பதில்லை. கதைத்தால் காற்று அந்தச் சொல்லைக் கொண்டுபோய் வேறு யாருடைய காதிலாவது போட்டுவிடும். சொல்ல வேண்டியதையெல்லாம் வீட்டுக்குள் கதவைச் சாத்திவிட்டுக் காதோடு காதாகத்தான் சொல்வார்கள். ஒருநாள் அந்த மாகாணத்துக்கு ஆளுநர் வேண்டும் என்றார். நல்ல பெலமான ஆளாக இருக்க வேண்டுமாம். யோசித்துப் பார்த்துவிட்டு என் பெயரைச் சொன்னார்.

அந்த மாதங்களில் நான் அவரைக் கழுவினேன், புரட்டிப் படுக்க வைத்தேன், கரண்டியால் ஊட்டினேன். பக்கத்து வீட்டுச் செபஸ்தியம்மா என்னைப் பார்த்துக் கண் கலங்கினார். எனக்காகக் கோயிலில் செபம் சொல்வித்தார். நான் என் சீவியத்தில் அவ்வளவு சந்தோஷமாக இருந்ததில்லை. அதைச் செபஸ்தியம்மாவிடம் எப்படிச் சொல்வது?

பிறகு டிலக்ஷி வந்தா. உடற்பயிற்சி கொடுக்கிற பிள்ளை, நல்ல பிள்ளை. அந்தப் பிள்ளைமேல் ஒரு பிழையும் இல்லை. அவவின் கைபட்டு முதலில் கால்விரல் அசைந்தது, பிறகு முழங்கால். மாரி முடியும்போது வோக்கரைப் பிடித்துக்கொண்டு எழுந்து நின்றார்.

“அண்ணை, இன்னும் கொஞ்ச நாளிலை கடலுக்கே போயிடுவியள்” என்றா டிலக்ஷி. அவர் சிரித்தார். படகைப் பற்றி, என்ஜினைப் பற்றி அவவோடு கதைத்தார்.

அன்று இரவு நான் கட்டிலடியில் இருந்து, “ஊதலிலை இப்ப என்ன நடக்குது?” என்று கேட்டேன்.

“உந்த விசர்க் கதையை விடு. படுக்கையிலை கிடக்கேக்கை பொழுது போகாமல் சொன்னது” என்றார். கொஞ்ச நேரம் கழித்து, “லைற்றை நூர்” என்றார்.

நான் ஆத்திரப்படவில்லை. சுகமில்லாத ஆள், ஓய்வு போதவில்லை என்று விளங்கியது. தசை இறுக்கத்துக்குக் கொடுத்த மாத்திரையைக் கூடுதலாகப் பொடித்துக் கஞ்சியில் கலந்தேன். கால்கள் மறுபடி தளர்ந்தன. ஒருநாள் என் கையைப் பிடித்து அழுதார். நான் கேட்டதும், ஊதலில் பெரிய உப்புக்காற்று கிளம்பியிருப்பதாகக் கொஞ்சம் சொன்னார். அந்தக் கிழமை முழுவதும் நன்றாக இருந்தது. ஆனால் டிலக்ஷிக்கு அது சரியாகப் படவில்லை. இரத்தம் சோதிக்க வேண்டும், தெல்லிப்பழை ஆஸ்பத்திரி வாட்டில் வைத்துப் பார்ப்போம் என்றா.

“ஓம், நான் அங்கையே நிண்டு நடந்து பழகிறன்” என்றார் அவர். என்னைப் பார்த்துக் கேட்கவில்லை. இரத்தம் சோதிப்பார்கள் என்று மாத்திரையைக் கூட்டிப் போடுவதை நிறுத்தினேன்; சில நாளில் வோக்கரோடு தானாகவே குளியலறைக்குப் போகத் தொடங்கினார்.

போக வேண்டிய நாள் காலையில் குளியலறையைச் சவர்க்காரம் போட்டுக் கழுவினேன். தரை கழுவுவது குற்றமில்லை. தண்ணீர் ஊற்றி அலசவில்லை, அவ்வளவுதான். வோக்கரின் கால்களில் இருந்த றப்பர் மூடிகளையும் நான்தான் கழற்றினேன். அவர் விழுந்தால் திரும்பப் படுக்கைக்கு வருவார் என்று மட்டுமே நினைத்தேன்.

சத்தம் கேட்டபோது பாண் வெட்டிக்கொண்டிருந்தேன். கத்தியைக் கழுவி வைத்துவிட்டுப் போனேன். சீமெந்துத் தொட்டியின் விளிம்பில் தலை பட்டிருந்தது.

“ராணி, செபஸ்தியம்மா ஆக்களைக் கூப்பிடு” என்றார். நான் அவர் பக்கத்தில் ஈரத்தில் இருந்துகொண்டேன். “ராணி, கூப்பிடன் ராணி” என்றார். என் பெயரை அவர் அத்தனை தரம் சொல்லி நான் கேட்டதில்லை. பிறகு அவருடைய குரல் மாறியது.

“கதவைச் சாத்து ராணி. காத்து வருது.”

“எந்தக் காத்து?”

“பெரிய காத்து. குளிருது. என்னைப் பிடி.”

கதவைச் சாத்தினேன். தலையை மடியில் வைத்துப் பிடித்துக்கொண்டேன். ஊதலில் எல்லாரும் வீட்டுக்குள் போய்விட்டார்களா என்று கேட்டேன். “ஓம்” என்றார். ஆளுநர் எங்கே என்று கேட்டேன். அதற்கும் ஏதோ சொன்னார். குனிந்து காதை வைத்துக் கேட்டேன். கோயிலில் மத்தியான மணி அடிக்கும்வரை உயிர் இருந்தது. டொக்டர் உங்களுக்குச் சொன்னது சரிதான்.

மதிலடியில் நின்று ஒரு குரல் கொடுத்திருந்தால் அவர் பிழைத்திருப்பார், ஏன் கொடுக்கவில்லை என்று திரும்பத் திரும்பக் கேட்கிறீர்கள். உங்களுக்கும் குடும்பம் இருக்கும் ஐயா. மனுசன் உங்களோடு கதைத்துக்கொண்டிருக்கும்போது, பாதியில் எழுந்து போவீர்களா?