அப்பா மூச்சு எடுத்த இடம்

— அவரை எழுப்ப மாட்டேன். நீங்க லண்டன்லேர்ந்து வந்திருந்தாலும் சரி, நிலாவுலேர்ந்து வந்திருந்தாலும் சரி.

— எழுப்பச் சொல்லலையே அண்ணி. ஸ்டான் முழிக்கற வரைக்கும் காத்திருக்கேன்னுதானே சொன்னேன்.

— ஆமாமா, காத்திருங்க. பதினோரு வருஷமா உங்க அண்ணன் காத்திருந்தாச்சு, இப்ப உங்க முறை. கோட்டைக் கழட்டி அடுப்புப் பக்கம் போடுங்க, தரையெல்லாம் சொட்டுது. டீயில பால் ஊத்தலாமா, இல்ல பட்டம் வாங்கினவங்க பால் இல்லாமத்தான் குடிப்பீங்களா?

— ஊத்துங்க. அண்ணி, இந்த நீங்க வாங்க எல்லாம் எதுக்கு? பழையபடி லென்னுன்னே கூப்பிடுங்களேன்.

— ராணியே வாளால தோளைத் தட்டி 'சர்'னு சொல்லிட்டாங்க. இந்த பிர்க்வெல் ஊரு டோரீனால அதை மாத்த முடியுமா? ஸ்டேஷன்லேர்ந்து நடந்தா வந்தீங்க?

— நடந்துதான் வந்தேன். பேண்டு அறை வழியா வரலாம்னு பார்த்தேன். கண்ணுக்கே படல.

— அது இப்ப கார்பெட் கடை. நிலக்கரிச் சுரங்கத்தை மூடினாங்க, கொஞ்ச நாள்ல பேண்டும் ஓஞ்சு போச்சு. ஊர்ல ஊதறதுக்கு ஆளும் இல்ல, நெஞ்சும் இல்ல.

— அது என்ன சத்தம்? உள்ள ஏதோ ஓடிட்டே இருக்கு.

— மூச்சு மெஷின். ராவும் பகலும் ஓடும். இப்ப முன்னறையிலதான் கட்டில், மாடி ஏற முடியல. உங்க அப்பாவுக்குக் குடுத்த அதே தூசியைத்தான் சுரங்கம் இவருக்கும் குடுத்து அனுப்பிச்சிருக்கு.

— ஒரே சுரத்துல நிக்குது.

— உங்களுக்கு எல்லாமே சுரம்தான். எனக்கு அது ஓடினா நிம்மதி, நின்னா பயம். அவ்வளவுதான் பாத்துக்கங்க. சரி, என்ன விஷயம்? உடம்பு விசாரிக்க வந்த மூஞ்சி இல்லையே இது.

— ஸ்டான்கிட்ட ஒரே ஒரு கேள்வி கேக்கணும். அப்பா குளிக்கறப்போ ஒரு பாட்டு முனகுவாரே, ஞாபகம் இருக்கா? வார்த்தையே இருக்காது. கணப்புக்கு முன்னாடி தகரத் தொட்டியில உக்காந்திருப்பார், அம்மா முதுகு தேய்ப்பாங்க. நானும் ஸ்டானும் வெந்நீர் தூக்கிட்டு வருவோம்.

— தெரியாம என்ன. கல்யாணமாகி வந்த புதுசுல நானும் கேட்டிருக்கேன். அப்ப வீட்டுல குளியலறை கட்டியாச்சு. ஆனாலும் மனுஷன் தொட்டியை விடல. நான் கதவுக்கு இந்தப் பக்கம் காது சிவக்க நிப்பேன். அதைத்தானே நீங்க பேண்டுக்கு எழுதிக் குடுத்தீங்க? 'மாலை ஷிஃப்ட்'. நாடு முழுக்க ஊதினாங்களே.

— அதையே இப்ப பெரிய ஆர்கெஸ்ட்ராவுக்கு மாத்தி எழுதியிருக்கேன். வர்ற வியாழக்கிழமை லண்டன்ல வாசிக்கறாங்க. அதாவது... போன வாரம் ஒத்திகைக்குப் போனேன். அத்தனை பேர் வாசிக்கறாங்க, ஒரு பிசிறு இல்ல. எனக்கு ஒண்ணுமே ஆகல அண்ணி. பிணத்துக்கு நல்ல சட்டை போட்டு உக்கார வெச்ச மாதிரி இருந்துது. வீட்டுக்கு வந்து நானே முனகிப் பார்த்தேன். அப்பதான் உறைச்சுது. அப்பா அதை ஒரே மூச்சுல பாடினதே இல்ல. மேல ஏறிப் போற வழியில எங்கேயோ நிப்பார். ஒரு மூச்சு எடுப்பார். அப்புறம்தான் உச்சிக்குப் போவார். நான் எழுதறப்போ அதை விட்டுட்டேன்.

— விட்டுட்டீங்களா, தொடைச்சுட்டீங்களா?

— தொடைச்சுட்டேன். அப்ப அது அழகா தெரியல. அவருக்கு நெஞ்சு பூரா தூசி, அதனால நிக்கறார், அது பாட்டுல எதுக்குன்னு நெனச்சேன். ஒரே மூச்சுல வாசிக்கணும்னு சுரத்துக்கு மேல நீளமா ஒரு கோடு வளைச்சுப் போட்டேன். இப்ப எந்த இடம்னு தெரியல. எங்கெங்கேயோ நிறுத்திப் பார்க்கறேன். எல்லாம் நான் நிக்கற மாதிரிதான் இருக்கு, அப்பா வரமாட்டேங்கறார். எனக்கு எழுபதாச்சு அண்ணி. எத்தனையோ எழுதிட்டேன். எல்லாத்தையும் விட்டுடலாம், அந்த ஒரு வரி மட்டும் அவர் பாடின மாதிரி இருக்கணும். அம்மாவும் போயாச்சு. கேட்டவங்க இனி ஸ்டான் மட்டும்தான்.

— நானும்தான் கேட்டேன்னேனே.

— அப்ப நீங்களே சொல்லுங்க. எங்க நிப்பார்?

— என்னத்தச் சொல்ல? ஏறும், ஏறும், பொசுக்குன்னு நிக்கும். கேக்கற எனக்கு நெஞ்சடைக்கும். அப்புறம் மறுபடி வரும். நிப்பார்னு சத்தியம் பண்ணிச் சொல்லுவேன். எந்த இடம்னு கேட்டா? சர்ச்சுலயே என்னை வாயை மட்டும் அசைக்கச் சொல்லி வெச்சிருந்தாங்க.

— அதான், ஸ்டான் வேணும். என்மேல கோபமா இருக்கான்னு தெரியும். சுரங்க வேலைநிறுத்தம் நடந்த வருஷம் நான் இந்தப் பக்கம் தலைகாட்டல. ஜெர்மனியில என் ஓபராவைப் போட்டுட்டிருந்தாங்க. நீங்கள்லாம் இலவச சூப்புக்கு வரிசையில நிக்கறீங்க, நான் அங்க விருந்து சாப்பிடறேன். எனக்கு முதமுதல்ல குழல்ல ஊதச் சொல்லிக் குடுத்ததே அவன்தான். நான் லண்டனுக்குப் படிக்கப் போனேன், அவன் பதினஞ்சு வயசுல சுரங்கத்துல இறங்கினான். அவனுக்குக் கஷ்டம்னு வந்தப்போ நான் வரல. அதை மனசுல வெச்சுட்டுத்தான் கடுதாசியை நிறுத்திட்டான்.

— வேலைநிறுத்தமா? அதை அவர் எப்பவோ மறந்தாச்சு. அதுக்கப்புறமும் வருஷா வருஷம் உங்க வீட்டுக்குக் கிறிஸ்துமஸ் கேக் வந்துச்சே, யாரு அனுப்பினா?

— நீங்கதான்.

— செஞ்சது நான். டப்பாவுல கட்டித் தபாலாபீஸுக்குத் தூக்கிட்டுப் போனது அவரு. அது எப்ப நின்னுச்சுன்னு யோசிச்சுப் பாருங்க.

— பதினோரு வருஷம் முன்னாடி நடந்த அந்த பேண்டு போட்டிக்கு அப்புறம். 'மாலை ஷிஃப்ட்'டை எல்லா பேண்டும் வாசிச்சாங்களே, நான் ஜட்ஜா வந்தேனே.

— ஆங்.

— நம்ம பிர்க்வெல் பேண்டுக்குப் பரிசு கிடைக்கலன்னா கோபம்? அண்ணி, அது எப்படி நடக்கும்னு உங்களுக்குத் தெரியாததா? கூடத்து நடுவுல துணி போட்டு மூடின பெட்டி. அதுக்குள்ள நாங்க. யாரு வாசிக்கறாங்கன்னு பார்க்கக் கூடாதுன்னுதான் அந்தப் பெட்டியே. குலுக்கல் சீட்டுல வந்த எண்ணு மட்டும்தான் எங்களுக்குத் தெரியும்.

— தெரியும் தெரியும். ஒண்ணுக்குப் போகக்கூட உள்ளேயே வாளி வெச்சிடுவாங்களாமே.

— வெப்பாங்க.

— நல்லா வேணும்.

— பிர்க்வெல் எந்த எண்ணுன்னு நான் அப்புறம்கூடக் கேக்கல. மறுநாள் காலையிலேயே எனக்கு ஃபிளைட். அதுவும் இல்லாம ஸ்டான் தனியா வாசிக்கறதையே விட்டாச்சு, சின்னவங்களுக்குக் குடுத்துட்டேன்னு எழுதியிருந்தான்.

— விட்டுத்தான் இருந்தார். தம்பி எழுதினது, அப்பா பாட்டுன்னு தெரிஞ்சதும் போய் தனியா வாசிக்கற அந்த இடத்தைத் திருப்பிக் கேட்டு வாங்கினாரு. அந்தப் பெரிய பித்தளை யூஃபோனியத்தைக் கைக்குழந்தையாட்டம் மடியில வெச்சுக்கிட்டு பொழுதன்னைக்கும் பாலீஷ் போடுவாரு. உங்களுக்குச் சொல்லவே கூடாதுன்னுட்டார். ஜட்ஜ்கிட்ட சொல்றது தப்பாம். சொல்லவும் வேண்டாம்னாரு. பெட்டிக்குள்ள இருந்தாலும் லென்னுக்கு நான்தான்னு தெரிஞ்சிடும் பாரு, அப்பா நிக்கற இடத்துல நானும் நிப்பேன், பய எழுத மறந்துட்டான், கேட்டதும் உள்ள உக்காந்து சிரிச்சுக்குவான்னாரு. போட்டிக்குப் போற பஸ் பூரா அதையே சொல்லிட்டு வந்தாரு.

— அப்ப அன்னிக்கு வாசிச்சது ஸ்டானா?

— நீ மேடையில ஏறி என்ன பேசினேன்னு ஞாபகம் இருக்கா, லென்?

— முடிவு சொல்றதுக்கு முன்னாடி ஜட்ஜ் நாலு வார்த்தை பேசறது வழக்கம். பொதுவா ஏதோ பேசினேன்.

— பொதுவாவா? நான் சொல்றேன். ஒரு யூஃபோனியம்காரர், மேல ஏறி வர்ற இடத்துல, பாதி வழியில நின்னு மூச்சு வாங்கறார், மூட்டையைத் தூக்கிட்டு மாடி ஏறற கிழவனாட்டம். அந்தப் பாட்டைப் பத்தி அவருக்கு ஒண்ணுமே தெரியலன்னே. கூடமே சிரிச்சுது. நானும் சிரிச்சேன்.

— நீங்களுமா?

— உன் குரலைக் கேட்டு எத்தனை நாளாச்சு. நம்ம வீட்டுப் பையன் மைக்குல எப்படிப் பேசறான் பாருன்னு நெனச்சுச் சிரிச்சுட்டேன். அப்புறம்தான் சுருக்குன்னுச்சு. திரும்பிப் பார்க்கறேன், அவர் பின்வரிசையில உக்காந்து கைக்குட்டையால வாத்தியத்தைத் தொடைச்சிட்டிருக்கார். நான் சிரிச்சதை அவரும் பார்த்தார். அந்தச் சிரிப்பை இன்னிவரைக்கும் மெல்லவும் முடியல, முழுங்கவும் முடியல எனக்கு.

— என் காதால கேட்டிருக்கேன் அண்ணி. அப்பா நின்ன அதே இடத்துல அவன் நின்னிருக்கான், நான் பெட்டிக்குள்ள உக்காந்து கேட்டிருக்கேன். எந்த இடம்னு ஞாபகம் இல்ல. தப்புன்னு போட்டது மட்டும்தான் ஞாபகம் இருக்கு. அன்னிக்கு ரெக்கார்ட் பண்ணினாங்களே, அது எங்கேயாவது...

— ஜெயிச்சவன் வாசிச்சதைத்தான் போட்டாங்க. தோத்தவனோடதை யாரு வாங்குவா?

— கோபம் நியாயம்தான். நான் அவன்கிட்ட மன்னிப்புக் கேக்கறேன்.

— கோபமா? அவர் கோபப்பட்டிருந்தா நான் நிம்மதியா இருந்திருப்பேனே. கத்தினதெல்லாம் நான்தான். அவனுக்கு என்ன தெரியும், பாட்டை அப்பாகிட்ட கேட்டது ரெண்டு பேரும்தானேன்னு கத்தினேன். அவர் என்னைத்தான் அதட்டினாரு. அவன் படிச்சவன், உலகமே அவன் பாட்டை உக்காந்து கேக்குது, அவன் தப்புன்னா தப்புதான்னாரு. நீ சொன்னதை அப்படியே நம்பிட்டார், லென். மறுநாள்லேர்ந்து புறா ஷெட்டுக்குள்ள போய்க் கதவைச் சாத்திக்கிட்டு அந்த ஒரு வரியையே ஊதினாரு. நிக்காம, ஒரே மூச்சுல. குளிர்காலம் பூரா. புறாவெல்லாம் பக்கத்து வீட்டுக் கூரைக்குக் குடி போயிருச்சு. உள்ளேர்ந்து இருமல் கேக்கும், மறுபடி முதல்லேர்ந்து ஆரம்பிப்பார். இனி ஊதினா ஆயுசு குறையும்னு டாக்டர் சொன்ன அப்புறம்தான் வாத்தியத்தை பேண்டுக்கே திருப்பிக் குடுத்தாரு.

— எனக்கு ஒரு வரி எழுதியிருக்கலாமே.

— என்னன்னு எழுதுவார்? உன் பாட்டைக் கெடுத்தது நான்தான்னா? வெக்கம், லென். உன் மூஞ்சியில முழிக்க அவருக்கு வெக்கம். கோபம் கோபம்னு நீ நெனச்சிட்டிருந்தியே, அது இதுதான்.

— நான் ஒரு மடையன்.

— அதுக்கு நான் என்ன சொல்ல? டீயைக் குடி, ஆறுது.

— உள்ள ஏதோ உருளுதே.

— எழுந்துட்டார், மெஷினைத் தள்ளிட்டு வர்றார். லென், ஒண்ணு சொல்றேன் கேளு. மன்னிப்பு அது இதுன்னு ஆரம்பிச்சு அழாத. தாங்க மாட்டார். வந்த விஷயத்தைக் கேளு. அவருக்கும் சந்தோஷமா இருக்கும்.

— டோரீன்... யாரு அது? குரல் கேட்ட மாதிரி இருக்கு.

— உங்க தம்பி. நனைஞ்ச கோழியாட்டம் வந்து உக்காந்திருக்கார்.

— லென்னா? டேய்... எழுந்திரிக்காத, உக்காரு. குண்டாயிட்டேடா. லண்டன்ல சாப்பாடு பலமோ?

— நீதான் இளைச்சுட்டே, ஸ்டான்.

— நான் காத்தைக் குடிச்சு... உயிர் வாழறவன். அதுவும் குழாய்க் காத்து. உன் பாட்டு ரேடியோவுல வந்தா... விடாம கேக்கறேன்டா. ஒண்ணும் புரியாது. ஆனா கேப்பேன். டோரீன், இவனுக்கு கேக் குடுத்தியா?

— கேக் இல்ல.

— இந்தக் கிறிஸ்துமஸுக்குச் செய். ரெண்டாச் செய்.

— ஸ்டான், எனக்கு ஒரு உதவி வேணும். அப்பா பாட்டு. அதை ஒரு தடவை முனகிக் காட்டேன். சத்தமா வேண்டாம். தொட்டியில உக்காந்து பாடுவாரே, அப்படியே.

— அதுவா... நீ ஒரு நாள் கேப்பேன்னு தெரியும். நான் தயாராத்தான் இருக்கேன். டோரீன், இந்தக் குழாயை எடு.

— எடுக்க மாட்டேன்.

— மூக்குல இது இருந்தா பாட்டு உள்ளேயே போயிடுது. அரை நிமிஷம்தான். என் தம்பி வந்திருக்கான்ல... எடு.

— ஸ்டான், முடியாத இடத்துல நிறுத்திக்க. கட்டாயம் நிறுத்து. நீ நிக்கற இடம்தான் எனக்கு வேணும்.

— உஷ், பேசாம கேளு. ம்ம்... ம்ம்ம்... ம்ம்ம்ம்...

— போதும்ங்க. உதடு நீலமா ஆவுது. போதும்னு சொல்லு, லென்.

— ஸ்டான், நில்லு. மூச்சு எடு. இங்கதானே? இங்க நிப்பார்தானே? நில்லு ஸ்டான்...

— ம்ம்ம்ம்ம்ம்...

— குழாயைப் புடி லென், நான் மாட்டிவிடறேன். மூக்கு வழியா இழுங்க. மெதுவா... இன்னொரு தடவை. அவ்வளவுதான். இந்த வயசுல என்ன வீராப்பு வேண்டிக் கிடக்கு?

— கேட்டியாடா... நிக்கல பாத்தியா. ஒரே மூச்சு.

— கேட்டேன்.

— சரியா வந்துச்சா?

— சரியா வந்துது. ஸ்டான், இங்க பாரு. அன்னிக்கு நான் மேடையில சொன்னது தப்பு. நீ நின்னியே, அதுதான் சரி. அப்பா நிப்பார், அண்ணிக்குக்கூட ஞாபகம் இருக்கு. எனக்கு எந்த இடம்னு மறந்து போச்சு. எங்க நிப்பார், சொல்லு. அதைக் கேக்கத்தான் வந்தேன்.

— யாரு... அப்பாவா?

— அப்பாதான்.

— அப்பா எங்கடா நின்னார்? நின்னது நான். எனக்கு மூச்சு பத்தல... உன் பாட்டைக் கெடுத்துட்டேன். வெந்நீர்ச் சட்டியோட பக்கத்துலயே நின்னு கேட்டவன்டா நான். அப்பா ஒரு நாளும் நிக்கல. நீ எழுதின மாதிரியேதான் பாடுவார்.