மிலேனா பாடாத பாட்டு

24-12-2005, சனி. சின்னப் பிழை ஒன்று. நினைவு நாள் நோட்டீஸில் ‘ஒப்பாரி பாடுவதில் பேர்போனவர்’ என்ற வரி மிலேனா சொன்னதல்ல. நானாகச் சேர்த்தது.

பிரெஞ்சு மாலை வகுப்பில் படிக்கும் தமிழரசி தன் நோட்டில் அதுவரைதான் எழுதியிருந்தாள். மேசை மேலிருந்த போன் அடித்தது. சுனாமி வீடுகள் கட்ட வந்த பிரெஞ்சுக் குழுவின் காரைக்கால் அலுவலகம் அது; அவள் அங்கே மொழிபெயர்ப்பாளர். குழுவோடு வந்திருந்த செர்பியப் பாடகி மிலேனா எதிரே உட்கார்ந்து ஆரஞ்சு உரித்துக்கொண்டிருந்தார்.

“ஹலோ... ஆமாங்க, தமிழரசிதான். மணிவேல் அண்ணனா? சொல்லுங்கண்ணே... ஆமா, ஆமா, எதுக்கத்தான் உக்காந்திருக்காங்க... சாப்ட்டாங்க, இட்லி... மீன்கொழம்பெல்லாம் கொண்டாராதீங்கண்ணே, காரம் தாங்க மாட்டாங்க.

“அண்ணே, அந்த நோட்டீசு... ஒட்டியாச்சா. பட்டினச்சேரி முழுக்கவா... இல்ல, அச்சு நல்லாத்தான் இருக்கும். நான் சொல்ல வந்தது வேற...”

மணிவேல் அவளைச் சொல்ல விடவில்லை. திங்கட்கிழமை அந்த ஊரில் சுனாமியின் முதலாண்டு நினைவு நாள். பந்தல், மைக் செட் எல்லாம் அவர் பொறுப்பு. அங்கே மிலேனா பாடுவதாக ஏற்பாடு.

“அண்ணே, கொஞ்சம் கேளுங்க. அவங்க கல்யாணப் பாட்டுக்காரங்க... ஆமா, கல்யாணம். பதினாலு வயசுலேர்ந்து ஊரூரா கல்யாண வீட்டுல பாடுனவங்க. அப்பறம் ரேடியோ, கேசட்டு... பிரான்சு இல்லண்ணே, செர்பியா. பிரான்சுக்குப் பொழைக்க வந்தாங்க, சண்டைக்கப்பறம்... ஆமா. மவன். பத்தொன்பது வயசு... ஆமாண்ணே. அவன் குழிகிட்ட ஒப்பாரி பாடுனாங்க. ஒரே தடவ. அதுக்கப்பறம் ரெண்டு வருசம் எதுவுமே பாடல. திரும்ப மேடைக்கு வந்தப்பவும் அது மட்டும் கெடையாது... நேத்துகூட கேட்டுப் பாத்தேன். அது எம்மவனோடதுன்னுட்டாங்க.

“எப்படிண்ணே ‘அப்ப எங்க வலி அவங்களுக்கும் தெரியும்’னு சொல்றீங்க... தெரியும், தெரியும்தான், ஆனா... யாரு? வேணாண்ணே, அக்காகிட்ட குடுக்காதீங்க. அண்ணே...

“அக்கா... நல்லாருக்கேங்க்கா. நீங்க?”

அந்த ஊர்ப் பவுனம்மாளின் குரல் கேட்டதும் தமிழரசி எழுந்து நின்றுவிட்டாள். போனின் வயர் குட்டை. குனிந்தபடியே பேச வேண்டியிருந்தது.

“ம்... ம்... தெரியும்க்கா, மொத்தக் குழியிலதான் பொதச்சாங்க... ஆமா. சாவு வூட்டுக்கு அடுத்த வூட்டுப் பொம்பளைங்கதான் வந்து கட்டிப்புடிச்சுப் பாடணும், ஆமா... அன்னிக்கு எல்லா வூட்லயும் சாவு. யாரு யாருக்குப் பாடுறது... ம்... நீங்க தனியா பாடிப் பாத்தீங்களாக்கா? ...வரலயா.

“அதனாலதான் வெளியூர்க்காரங்க வேணுங்கிறீங்களா... அக்கா, அந்த நோட்டீசுல ஒரு வரி... ஆமா, அந்த வரிதான். படிக்கச் சொல்லிக் கேட்டீங்களா... எத்தன தடவ?

“பேரா? ...மவ பேர பாட்டுல சேக்கணுமா.”

மிலேனா ஒரு சுளையை நீட்டினார். தமிழரசி வாங்கி, வாயில் போடாமல் கையிலேயே வைத்துக்கொண்டாள்.

“சொல்லுங்கக்கா... ஷர்மிளா. எட்டு வயசு... ரெட்ட ஜடை. சங்கு பொறுக்குவா. ம்... எழுதிக்கிட்டேங்க்கா... சொல்றேன். கண்டிப்பா சொல்... இல்லக்கா, ஒரு நிமிசம், நாந்தான் அந்த வரிய... அக்கா? ஹலோ... ஹலோ...”

லைன் அறுந்திருந்தது. அவள் திரும்ப எண்ணை அழுத்தினாள். மணி போகவே இல்லை. என்ன சொன்னார்கள் என்று மிலேனா பிரெஞ்சில் கேட்டார். “உங்களுக்காகக் காத்திருக்கிறார்கள்” என்றாள் தமிழரசி. அவளுக்குத் தெரிந்த பிரெஞ்சு அவ்வளவுக்குத்தான் வந்தது என்று சொல்லிக்கொள்ளவும் முடியவில்லை. மற்றதற்கும் அவளிடம் சொற்கள் இருந்தன.

மிலேனா சிரித்து, தோலைக் காகிதத்தில் மடித்தார். தமிழரசி நோட்டை இழுத்து எழுதினாள்:

நாளை, ஞாயிறு. காலை ஆறரை மணி நாகூர் பஸ். திருமலைராயன்பட்டினத்தில் இறங்கி நடக்க வேண்டும். மணிவேல் அண்ணனிடம் போவதற்கு முன் பவுனம்மாள் அக்கா வீட்டுக்குப் போய், அந்த வரி நான் எழுதியது என்று சொல்ல வேண்டும்.