கூட வந்தவள்

உச்சி நேரம். சங்ககிரிப் பாதையில் ஈ காக்கை இல்லை. வெள்ளைக்காரன் காலம் அது. நடந்தது நம் ஊர்ச் சண்முகவேலின் பெரியம்மா பெரியநாயகிக்கு.

ஊரில் வாந்திபேதி. காலையில்தான் புருஷனைப் புதைத்தார்கள். மதியத்துக்குள் மகள் அங்கம்மாளுக்கும் கண்டுவிட்டது. கைக்குழந்தை. வண்டி கேட்டுப் போன வீடெல்லாம் உள்ளே தாழ் போட்டுக்கொண்டன. பிள்ளையைத் தோளில் போட்டுக்கொண்டு ஆஸ்பத்திரிக்கு நடந்தாள்.

பாழுங்கிணற்றைத் தாண்டியதும்... பின்னால் சளக்... சளக்... ஈரச்சேலை காலில் அடிக்கிற சத்தம். மழையே காணாத புழுதியில் பாசி வாடை. அந்தக் கிணற்றில் விழுந்து செத்தவளைப் பற்றி ஊருக்கே தெரியும். பெரியநாயகி திரும்பிப் பார்க்கவில்லை.

கொஞ்ச தூரத்தில் கால் மடங்கி உட்கார்ந்துவிட்டாள். பிள்ளைக்குக் கண் சொருகிவிட்டது. சத்தம் பக்கத்தில் வந்து நின்றது.

"மனுசர் யாரும் வரலீங்க," என்றாள், தலை நிமிராமல். "நீங்களாச்சும் வாங்க. புள்ளைய வாங்கிக்குங்க."

தோளில் பாரம் குறைந்தது. நிமிர்ந்தாள். யாரோ இடுப்பில் வைத்திருப்பதுபோல் சாய்ந்தபடி, பிள்ளை அந்தரத்தில் முன்னே போய்க்கொண்டிருந்தது.

பிள்ளை பிழைத்தது. வீடு திரும்பியபோது சளக் சத்தம் வாசலோடு நின்றுவிட்டது. உள்ளே வரத் தயங்குகிறது என்று அவளுக்குப் புரிந்தது.

"உள்ள வாங்கக்கா. இது உங்க ஊடுந்தான்."

வந்தது. அன்றிலிருந்து இரண்டு வட்டிலில் களி போட்டாள். பயம் விட்டுப்போனது. ராத்திரியில் அவள் விம்மும்போது, ஜில்லென்று ஒரு கை முதுகைத் தடவிக் கொடுக்கும். எந்த மனுசக் கையும் அவளுக்கு அவ்வளவு செய்ததில்லை.

அங்கம்மாள் வளர்ந்தாள். உலகச் சண்டைக் காலத்தில் அவளைப் பெரியநாயகி நாமகிரிப்பேட்டைக்குக் கட்டிக்கொடுத்தாள். பெண்ணை அனுப்பிய அன்றைக்கு இரண்டு வட்டிலும் வைத்து உட்கார்ந்தாள். யாரும் வரவில்லை. "அக்கா..." மூலை மூலையாகத் தேடினாள். விடிந்ததும் கிணற்றுக்கு ஓடி, குனிந்து, தொண்டை கட்டும்வரை கூப்பிட்டாள். ஒரு அசைவும் இல்லை.

பெட்ரோல் தட்டுப்பாட்டில் கரிப்புகையில் ஓடிய பஸ்ஸைப் பிடித்து மகள் வீட்டுக்குப் போனாள். சம்பந்தி ஆராயி கதவைத் திறந்தவள், அப்படியே பின்வாங்கினாள்.

"ஏனுங்க... நீங்க உள்ள புள்ளைக்குத் தலை வாரிட்டிருந்தீங்களே? எப்ப வெளிய போனீங்க?"

உள்ளேயிருந்து அங்கம்மாள் கேட்டாள்: "வாசல்ல யாராத்தா?"

பெரியநாயகி வாய் திறக்குமுன் உள்ளேயிருந்தே பதில் வந்தது. அவளுடைய அதே குரலில்...

"யாருமில்ல சாமி."