ஹாவிஸின் கை

நேற்று நீங்கள் கொடுத்தனுப்பிய பட்டாணிக் கஞ்சி நன்றாக இருந்தது, ஐயா. எங்கள் மடத்துச் சமையல்காரர் உப்பு என்று ஒன்று இருப்பதையே மறந்துவிட்டவர். அதற்கு நன்றி சொல்லிவிட்டுத் தொடங்குகிறேன்.

ஹாவிஸின் கை எப்படிப் போயிற்று என்று விசாரித்து வரும்படி மறைமாவட்டத்து ஆயர் உங்களை அனுப்பியிருக்கிறார். எதையும் ஒளிக்கப் போவதில்லை. ஆனால் முதலில் ஒரு கேள்வியை நீங்கள் தெரிந்துகொள்ள வேண்டும். அந்தக் கேள்வி மட்டும் இல்லாவிட்டால் நான் இன்றைக்கும் ஆக்ஸ்ஃபோர்டில் மாணவர்களுக்குத் தர்க்கம் சொல்லிக்கொடுத்துக்கொண்டு, மூட்டுவலியோடு ஓர் ஓரமாகக் கிடந்திருப்பேன்.

ஒருவர் செத்துப்போகிறார். கட்டிலில் ஓர் உடல் கிடக்கிறது. அது நேற்று ரொட்டி தின்று சிரித்த அதே உடல்தானா, இல்லை வேறொன்றா? இதுதான் கேள்வி.

கறுப்பு மேலங்கி போட்ட சபைத் துறவிகள் வேறொன்றுதான் என்பார்கள். உடலை உடலாக வைத்திருப்பது ஆன்மா ஒன்றே, அது போனபின் மிஞ்சுவது பார்வைக்கு மட்டும் அந்த ஆள். சுவரில் வரைந்த கண்ணையும் கண் என்றுதானே சொல்கிறோம், பிணத்தின் கண்ணும் அந்த மாதிரி என்பது அவர்கள் கட்சி. சாம்பல் அங்கி போட்ட நாங்கள் அதை ஒப்புவதில்லை. உடலுக்கென்று சொந்தமாக ஒரு பிடிமானம் உண்டு, ஆன்மா அதில் வந்து குடியிருக்கிறது, குடியிருப்பவர் போனாலும் வீடு அதே வீடுதான் என்போம். இல்லையென்றால் கல்லறையில் கிடத்திய ஆண்டவரின் உடல் யாருடையது? பீடங்களுக்குள் வைத்துக் கும்பிடுகிறோமே புனிதர்களின் எலும்புகள், அந்தத் திருப்பண்டங்கள் யாருடையவை? இதற்காக இரண்டு சபையாரும் கட்டிப் புரளாத குறையாகச் சண்டை போட்டுக்கொண்டிருந்தோம்.

தவக்காலத்தில் நடந்த வாதத்தில் எங்கள் கட்சிக்கு நான் பேசினேன். எதிரே கறுப்பு அங்கியில் தர்ஸ்டன். நல்ல பருமன், நல்ல குரல், எதைப் பேசினாலும் சாப்பாட்டை இழுக்காமல் இருக்கமாட்டார். புனிதர்களின் உடல்கள் அழுகாமல் இருக்கின்றனவே, உடலின் பிடிமானம் உள்ளேயே இருப்பதால்தானே என்றேன். அவர் முழுதாகக் கேட்கக்கூட இல்லை.

“ஆஸ்பெர்ட் சாமி, அப்படி ஒண்ண உங்க கண்ணால பாத்திருக்கீங்களா? கேள்விப்பட்டது வேணாம். பாத்தது.”

நான் பார்த்ததில்லை. கையிலிருந்த ஏட்டைப் புரட்டிக்கொண்டிருந்தேன்.

“விடுங்கப்பா, பாவம். தவக்காலம். பசி மயக்கம்” என்றார் தர்ஸ்டன்.

மண்டபம் முழுக்கச் சிரித்தது. என்னிடம் படித்தவர்களும் சிரித்தார்கள். இறுதிப் பதிலைக் கோடையில் வரும் அருளப்பர் திருநாளுக்குப் பிறகு சொல்லலாம் என்று தவணை கொடுத்து அனுப்பினார்கள். அந்தச் சிரிப்பு என்னோடேயே வந்தது. பூசை வைக்கும்போதுகூடக் காதில் கேட்டது. இந்த வயதில் இதற்குப் போய் இவ்வளவு நொந்துகொண்டேனே என்று இப்போது கூச்சமாக இருக்கிறது.

ஹாவிஸ் ஆக்ஸ்ஃபோர்டிலிருந்து அரை நாள் நடையில் உள்ள ஓர் ஆற்றோர ஊரில், கோயில் சுவரை ஒட்டிய அறைக்குள் இருந்தாள். விலாங்கு மீன் விற்கிறவரின் மகள். சாகும்வரை தனியே ஜெபித்திருக்கத் தானாக விரும்பி உள்ளே போனவள். போனதும் வாசலைக் கல் வைத்துப் பூசிவிட்டார்கள். அடைக்கிற அன்றே அவளுக்குச் சாவுப் பூசையும் வைத்து, தலையில் மண் தூவி, உலகத்துக்கு இவள் இறந்தாள் என்று வாசித்தார்கள். அதுதானே வழக்கம். பீடத்தைப் பார்க்க ஒரு துவாரம், வெளியே திரை போட்ட ஒரு ஜன்னல். சமைத்துக் கொடுக்க மேபிலி என்ற வேலைக்காரி. பாவசங்கீர்த்தனம் கேட்க நான்.

“என்ன சாமி, மூச்சு வாங்குது? செத்தவ நானு, இளைக்கிறது நீங்களா?” என்பாள் நான் போய் உட்கார்ந்ததும். பாவம் என்று அவள் சொல்பவை எல்லாம் மேபிலியின் கஞ்சியைத் திட்டியது, தூங்கிவிழுந்தது, அவ்வளவுதான். ஒரே ஒரு குறை மட்டும் அவளுக்கு உண்மையாகவே இருந்தது.

“இத்தனை வருஷமா உக்காந்திருக்கேன். கடவுள் ஒரு தரம் செருமக்கூட இல்ல சாமி. உள்ள ஆள் இருக்கறது அவருக்குத் தெரியுமோ என்னமோ.”

அந்தத் தவக்காலக் குளிரில் அவளுடைய இடது சுண்டுவிரல் கருகிப்போயிற்று. ஊர் நாவிதர் ஜன்னல் வழியாகவே அதை எடுத்தார். “கோயில் மண்ணுல போட்டுடுங்க சாமி. நான் வர்ற வரைக்கும் இடம் பிடிச்சு வைக்கட்டும்” என்று அவள் அதை என்னிடம் கொடுத்தாள். நான் புதைக்கவில்லை. துணியில் சுற்றிப் பெட்டியில் வைத்தேன். ஒரு வாரம் போயிற்று, இரண்டு வாரம் போயிற்று. வாடையே இல்லை. பெட்டியைத் தூக்கிக்கொண்டு தர்ஸ்டனின் மடத்துக்கே போனேன். அவர் சாப்பாட்டு மேசையில் இருந்தார்.

“இது குளிர்ல கருகினது சாமி. கருவாடும்தான் அழுகாம இருக்கு. எங்க கிடங்குல ஒரு பீப்பா நிறையப் புனிதர்கள் இருக்காங்க, வந்து கும்பிட்டுட்டுப் போறீங்களா?” மேசையில் எல்லாரும் சிரித்தார்கள். “நல்ல விரலா, ரத்தம் ஓடற விரலா ஒண்ணு கொண்டாங்க. அப்ப ஒத்துக்கறேன்.”

அவர் விளையாட்டாகத்தான் சொன்னார். அதை நீங்கள் அப்படியே எழுதிக்கொள்ள வேண்டும்.

நான் ஹாவிஸிடம் போய்க் கேள்வியை விளக்கினேன். என் மாணவர்களைவிடச் சீக்கிரமாகப் பிடித்துக்கொண்டாள்.

“அப்போ ஒட்டியிருந்தா மட்டுந்தான் என் விரல், வெட்டிட்டா இல்ல, அப்படித்தானே? ஏன் சாமி, இதுக்கா இவங்களுக்கு இலவசமா சோறு போடறாங்க?”

பிறகு நல்ல விரல் ஒன்றைத் தரும்படி அவளுக்குக் கட்டளையாகச் சொன்னேன். ஆன்ம குரு சொன்னால் அவள் மறுக்க முடியாது என்பது எனக்குத் தெரியும். அதே இடது கையின் மோதிர விரலை நீட்டினாள். அதுவும் குளிரில் பழுதாகி வலிக்கிறது என்று நான் நாவிதரிடம் சொன்னேன். அவர் விரலைப் பார்த்தார், என்னைப் பார்த்தார், பிறகு எடுத்தார்.

எனக்கு ஒரு நியாயம் இருந்தது. ஹாவிஸுக்கு ஏற்கெனவே சாவுப் பூசை முடிந்தாயிற்று. இறந்தவரிடமிருந்து எடுப்பதைத் திருப்பண்டம் எடுப்பது என்கிறோம், காயப்படுத்துவது என்று யாரும் சொல்வதில்லை. ஆனால் தர்ஸ்டனிடம் காட்டுவதற்கு அவள் உயிரோடிருப்பவளாக இருக்க வேண்டும். வெட்டும்போது செத்தவள், வாதிக்கும்போது உயிருள்ளவள் என்று என் வசதிக்கு வைத்துக்கொண்டேன். ஒரு மாணவன் இப்படி வாதம் கட்டினால் காதைத் திருகியிருப்பேன்.

அந்த விரல் மூன்றாம் நாளே அழுகிவிட்டது. பெட்டியைத் திறந்தபோது மறந்துபோன மீன்கூடையின் நாற்றம். மடத்து வெங்காயப் பாத்தியில் குழி தோண்டிப் புதைத்தேன். வாதத்தில் தோற்றேன் என்று அப்போதே எனக்குப் புரிந்துவிட்டது. இந்த இடத்தைத் தயவுசெய்து தெளிவாக எழுதுங்கள், ஐயா. அப்போதே புரிந்துவிட்டது.

அடுத்த முறை போனபோது நான் உட்காருவதற்குள் கேட்டாள்.

“என் விரல் எப்படியிருக்கு சாமி? சௌக்கியமா?”

கேலியாகத்தான் கேட்டாள். ஆனால் திரைக்கு அந்தப் பக்கம் அவள் மூச்சை அடக்கிக்கொண்டிருந்தது எனக்குக் கேட்டது. நாறிப்போயிற்று என்று சொல்லத்தான் வாயைத் திறந்தேன்.

“மணக்கிறது” என்றேன்.

“என்ன மணம்?”

“ஆப்பிள் அடுக்கி வைத்த அறை மாதிரி.”

அவள் அழுகிறாள் என்று தெரிந்தது. “செருமிட்டாரு சாமி” என்றாள். “செருமிட்டாரு.”

அதன்பின் அவளே மேபிலியிடம் சொன்னாள், மேபிலி ஊருக்குச் சொன்னாள். காய்ச்சல் வந்த பிள்ளைகளைத் தூக்கிக்கொண்டு ஜன்னலுக்கு ஆட்கள் வரத் தொடங்கினார்கள். விரலைக் காட்டுங்கள் என்று என்னைக் கேட்டார்கள். மடத்தில் பூட்டி வைத்திருக்கிறேன் என்றேன். ஹாவிஸின் குரலே மாறியிருந்தது. கல்யாணம் நிச்சயமான பெண்ணின் குரல் அது.

“நம்ம கோயில்ல ஒரு திருப்பண்டமும் இல்ல சாமி. பக்கத்து ஊர்க்காரங்க ஒரு பல்லை வெச்சுக்கிட்டு என்னா ஆட்டம் ஆடறாங்க. இந்தக் கையை எடுத்துக்கோங்க. ரெண்டு விரல் போன கையாலே எனக்கு என்ன ஆகப்போகுது?”

“நீ இறந்தபின் பார்த்துக்கொள்ளலாம்” என்றேன்.

“செத்தப்புறம் எடுத்தா அது என் கையே இல்லன்னு அந்தக் கறுப்பு அங்கிக்காரர் சொல்லுவாரே. நீங்கதானே சொன்னீங்க. உசிரோட இருக்கறப்பவே எடுங்க. அப்ப யாரும் வாயத் திறக்க முடியாது.”

அவசரமில்லை என்று சொல்லித் தள்ளிப்போட்டேன். அடுத்த முறையும் தள்ளிப்போட்டேன். மூன்றாம் முறை, “ஏன் சாமி, மணம் போயிடுச்சா?” என்று மெல்லக் கேட்டாள். இல்லை, இன்னும் அதிகமாகியிருக்கிறது என்றேன். நாவிதரைக் கேட்டுப் பார்த்தேன். “விரல் வேற, கை வேற. ஆளே போயிடும் சாமி. நான் மாட்டேன்” என்றுவிட்டார். அவர் மாட்டேன் என்றதையே அவளிடம் சாக்காகச் சொல்லியிருக்கலாம். சொல்லவும் சொன்னேன். “அப்ப நீங்க எடுங்க. உங்கள நம்பாம யாரை நம்பறது?” என்றாள்.

பெந்தெகொஸ்தே வாரத்தில் ஒரு மத்தியானம். மேபிலியை ஆற்றுக்கு மீன் வாங்க அனுப்பினேன். ரம்பம் எங்கள் மடத்துச் சமையலறையில் எலும்பு அறுப்பது. ஹாவிஸ் கொஞ்சம் திராட்சை மது குடித்துவிட்டு, திரையை விலக்கிக் கையை ஜன்னல் கல்லின்மேல் வைத்தாள். அத்தனை வருஷத்தில் அன்றுதான் அவள் முகத்தைப் பார்த்தேன். மூக்கில் பொட்டுப்பொட்டாகத் தேமல்.

“பாத்து சாமி. மீன் அரிஞ்ச கை, கெட்டியா இருக்கும்” என்றாள்.

அவள் கத்தவில்லை. நிறைய ரத்தம் போயிற்று. நான் கட்டிய கட்டு நிற்கவில்லை. மேபிலி வந்து பார்த்து, கூடையைப் போட்டுவிட்டு ஊரைக் கூட்டினாள். சுவரை இடித்துத்தான் உள்ளே போனார்கள். மறுநாள் மாலை ஹாவிஸ் இறந்தாள். மேபிலி என்னை அடிக்கத்தான் வந்தாள், அடிக்காமல் இதை மட்டும் சொல்லிவிட்டுப் போனாள்: “உங்கள ஒரு வார்த்தை திட்டவிடல அந்த அம்மா. கடைசிவரைக்கும், ஆஸ்பெர்ட் சாமி பாவம், அவருக்கு ரத்தம் ஆகாது, அவருக்கு ஏதாச்சும் குடிக்கக் குடுங்கன்னாங்க.”

கையை நான் எடுத்துப்போகவில்லை. அவளோடேயே புதைத்துவிட்டார்கள். எனக்கு அது தேவைப்படவும் இல்லை.

இதை எதற்காகச் செய்தேன் என்று நீங்கள் கேட்கிறீர்கள். உண்மையைத் தேடும் வெறியில் வழி தவறிவிட்டார் என்று எங்கள் மடத்தில் சொல்கிறார்கள். தர்ஸ்டன் இங்கே வந்து என் எதிரில் உட்கார்ந்து அழுதார், தன் வாய்தான் காரணம் என்றார். பெரிய மனது எல்லாருக்கும். நானும் ஒரு வாரம் அப்படியே நம்பிப் பார்த்தேன், நன்றாகத்தான் இருந்தது. ஆனால் அதை எழுதாதீர்கள், ஐயா. விரல் அழுகியதை நான் பார்த்துவிட்டேன். கையும் அழுகும் என்று எனக்குத் தெரியும். ரம்பத்தைக் கையில் எடுத்தபோது என் மனத்தில் எந்தக் கேள்வியும் இல்லை, உடலைப் பற்றியும் இல்லை, ஆன்மாவைப் பற்றியும் இல்லை.

ஹாவிஸ், உன் விரல் நாறிப்போயிற்று, நான் உன்னிடம் பொய் சொன்னேன் என்று அந்த ஜன்னலில் சொல்லியிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று தினமும் யோசிக்கிறேன். கொஞ்சம் அழுதிருப்பாள். பிறகு, விலாங்கு விக்கிறவன் பொண்ணு விரல் வேற எப்படி நாறும் சாமி என்று கேட்டிருப்பாள். என்னைப் பார்த்துச் சிரித்திருப்பாள். அதற்குமேல் ஒன்றும் ஆகியிருக்காது. அந்தச் சிரிப்பைக் கேட்கக் கூசித்தான் அவள் கையை அறுத்தேன்.