கோடு தெரியாத சுவர்

கடல் காற்றில் சுவருக்குப் பூசும் பட்டி சீக்கிரம் காயாது, ஐயா. நாகூரில் வேலை எடுத்தால் கையோடு ஒரு பெரிய ஃபேன் கொண்டுபோக வேண்டும். இது தெரியாமல் பலர் கெட்ட பெயர் எடுத்திருக்கிறார்கள்.

என் பெயர் அஸார். தோஹாவில் ஒன்பது வருடம் ஜிப்சம் போர்டு வேலை பார்த்தவன். இரண்டு போர்டு சேருமிடத்தில் டேப் ஒட்டி, அதன்மேல் மெஷினால் பட்டியைப் பீய்ச்சித் தேய்த்துவிட்டால் இணைப்பு கண்ணுக்குத் தெரியக் கூடாது. அதுதான் தொழில்.

லியாகத் அலி மாமா தன் வீட்டு ஹாலுக்கு என்னைக் கூப்பிட்டார். வேலை முடிந்ததும் சுவரோரமாகச் செல்போன் டார்ச்சைப் பிடித்து, "தம்பி, கோடு தெரியுதே" என்றார். மறுபடி அடித்தேன்.

"இப்பவும் தெரியுதுப்பா."

பதினோரு நாள் தெரிந்தது. பன்னிரண்டாம் நாள் தன் மச்சானை அழைத்துவந்தார். அவருக்கு இரண்டு கண்ணிலும் புரை. அவருக்கும் தெரிந்தது.

நேற்று வீட்டார் திருவாரூருக்குக் கல்யாணத்துக்குப் போய்விட்டார்கள். மாமா மட்டும் சாப்பிட்டுவிட்டு, காது மெஷினைக் கழற்றி வைத்துவிட்டு, ஹாலை ஒட்டிய அறையில் படுத்தார். நான் சுவரை நிதானமாகப் பார்த்தேன். அவர் சொன்னது நியாயம்தான். ஒரு கோடு தெரியத்தான் செய்தது. அந்த அறைக் கதவைச் சுற்றி.

மிச்சமிருந்த போர்டில் கதவு நிலைக்கு அளவாக ஒரு துண்டு வெட்டினேன். உள்ளே ஏசி ஓடியது. கொல்லைப்பக்கம் கம்பி போட்ட ஜன்னல் உண்டு. சொம்பு நிறையத் தண்ணீர் இருந்தது. எல்லாம் கவனித்துத்தான் செய்தேன்.

சாயங்காலம் மாமாவின் மனைவி மெஹராஜ் மாமி கல்யாணத்திலிருந்து திரும்பி வந்து ஹாலின் நடுவில் நின்றார். இப்படியும் அப்படியும் திரும்பினார்.

"அஸாரு, இங்க ஒரு ரூம் இருந்துச்சே?"

"சுவர் எப்படி இருக்கு மாமி?"

"சுவரு கண்ணாடி மாதிரி இருக்கு. மாமா எங்க?"

"இங்கதாம்மா இருக்கேன்!" என்று சுவர் சொன்னது.

ஆள் வைத்து இடித்தார்கள். முதலில் இடித்த இடம் சமையலறை அலமாரிக்குப் போனது. இரண்டாவது இடித்த இடத்தில் செங்கல். மூன்றாவதில்தான் மாமாவின் மூக்கு தெரிந்தது.

ஸ்டேஷனில் உட்காரவைத்து, கோபத்தில் செய்தாயா என்று கேட்கிறீர்கள். சத்தியமாக இல்லை, ஐயா. கோபக்காரன் ஒரு பூச்சோடு விட்டுவிட்டுப் போயிருப்பான். நான் மூன்று பூச்சு கொடுத்தேன். ஒவ்வொன்றும் ஃபேன் காற்றில் காயும்வரை காத்திருந்து, அவர் உள்ளேயிருந்து தட்டத் தட்ட, பொறுமையாகத் தேய்த்தேன்.