கனகு அண்ணையின் காவல்

ஷெல் குத்துகிற சத்தம் கேட்கிறது. கடல் பக்கம், எதிரியின் கப்பலில் இருந்து. டும். டும். டும். பிறகு கூவிக்கொண்டு வருகிறது. நான் முற்றத்தில் நிற்கிறேன். எல்லோரும் ஓடுகிறார்கள். நான் ஓடவில்லை. என் மகள் மதுராவுக்கு ஏழு வயது. கால் முறிந்து உள்ளே பாயில் கிடக்கிறாள். தூக்கினால் அலறுகிறாள். வீட்டுக்கு முன்னால் ஒழுங்கை முழுக்கப் புழுதி. அவிழ்த்துவிட்ட மாடு ஒன்று எங்கே போவதென்று தெரியாமல் நிற்கிறது.

"துறைக்கு ஓடுங்கோ, வள்ளம் நிக்குது! கப்பல் கிட்ட வந்திட்டுது!"

கத்தியவர் யார் என்று தெரியவில்லை. என் கூரைக்கு மேலே காவல் இல்லை. அது மட்டும் தெரியும்.

ஓதித்தீவைத் தெரியாதவர்களுக்குச் சொல்ல வேண்டும். இப்போது வரைபடத்தில் அந்தப் பெயர் இல்லை. எங்களுக்கு மந்திரம் தெரியும். பெரிதாக நினைத்துவிடாதீர்கள். பறக்கமாட்டோம். பொன் செய்யமாட்டோம். கையைத் தூக்கி அடுப்பு மூட்டுவோம். காய்ச்சலை இறக்குவோம். கூரைக்குக் காவல் பண்ணுவோம். காவல் உள்ள கூரையில் புயலும் விழாது, ஷெல்லும் விழாது. ஆனால் தன் வீட்டுக்குத் தன் மந்திரம் பலிக்காது. அயல் வீட்டுக்குத்தான் பலிக்கும். தீவை ஆண்ட அரசிக்கும் அதே விதி. அவளுடைய அடுப்பை மூட்டியவள் மதிலுக்கு அந்தப் பக்கம் மீன் விற்ற ஒருத்தி. அரசி அவளிடம் ஒருநாளும் முகம் சுளித்ததில்லை. எப்படிச் சுளிப்பாள்? பசிக்குமே.

ஆகவே தீவில் தனி வீடு கிடையாது. பெண் பார்க்க வருகிறவர்கள் சாதகத்துக்கு முன் அயலைப் பார்ப்பார்கள். ஒரு வீட்டார் கடையில் தீப்பெட்டி வாங்கினால் ஊருக்கே விளங்கிவிடும், அங்கே வேலிச் சண்டை என்று. நாங்கள் நாலு வருடமாகத் தீப்பெட்டி வாங்கினோம்.

வேலிக்கு அந்தப் பக்கம் கனகு அண்ணையும் அவருடைய மனைவி சரசக்காவும். பிள்ளைகள் இல்லை. கனகு அண்ணை வேலியை அரை முழம் தள்ளிவிட்டார் என்று என் கணவர் சொன்னார். என் கணவர்தான் தள்ளினார் என்று அவர் சொன்னார். அரை முழம். ஒரு கத்தரிக்கன்று நட்டால் அதற்கே போதாது. சண்டையை ஆம்பிளைகள் மூட்டினார்கள். பெண்கள் அணையாமல் பார்த்துக்கொண்டோம். யுத்தத்துக்குப் போன என் கணவர் சித்திரையில் செத்தார். செய்தி வந்தது, உடல் வரவில்லை. சரசக்கா வேலிக்குப் பின்னால் நின்று அழுதாள். எனக்குக் கேட்டது. நான் போகவில்லை. அவளும் வரவில்லை.

இப்போது கனகு அண்ணை வேலியடிக்கு வருகிறார். சாரத்தை மடித்துக் கட்டியிருக்கிறார்.

"பிள்ளை! கையைத் தூக்கு! உன்ரை வீட்டை நான் பாக்கிறன். சரசுவை நீ பார்!"

நாலு வருடத்தில் அவர் என்னிடம் பேசிய முதல் சொல்.

காவல் பண்ணுகிறவர் வெட்டவெளியில் நிற்க வேண்டும். கூரையைப் பார்த்தபடி. இரண்டு கையும் மேலே. கை இறங்கினால் காவல் இறங்கும். காவல் கூரைக்கும் அதன் கீழே இருப்பவர்களுக்கும் மட்டும். நிற்கிறவருக்கு ஒன்றுமில்லை.

நின்றோம். அவர் என் வீட்டைப் பார்த்து. நான் அவர் வீட்டைப் பார்த்து. இடையில் அந்த வேலி. ஷெல் வருகிறது. என் கூரைக்கு மேலே வழுக்குகிறது. பனைகளுக்குள் போய் வெடிக்கிறது. உள்ளே மதுரா அம்மா அம்மா என்கிறாள். நான் திரும்பவில்லை. திரும்பினால் சரசக்கா இல்லை.

இதை இப்போது டென்மார்க்கில், சில்க்போர்க் நகரத்தில், சமையலறை மேசையில் இருந்து எழுதுகிறேன். முதியோர் இல்லத்தில் வேலை. தோள் இரண்டும் போய்விட்டன. ஆட்களைத் தூக்கித் தூக்கி வந்தது என்கிறார் டொக்டர். ஓம் என்று கேட்டுக்கொண்டு வருகிறேன். எனக்கு அலுப்பாக இருக்கிறது. ஆனாலும் எழுத வேண்டும்.

அன்று வெயில் சாய்ந்த நேரம். இந்த ஷெல் கூவவில்லை. ஒழுங்கையில் விழுந்தது. புழுதி அடங்கியபோது கனகு அண்ணை நிலத்தில் கிடந்தார். நெஞ்சு முழுக்க இரத்தம். என் கூரை வெறுமையாகிவிட்டது. கத்தினேன். வெட்கம் பார்க்காமல் கத்தினேன்.

"அக்கா! வெளியிலை வாங்கோ! பிள்ளை உள்ளுக்கை கிடக்குது!"

புருஷன் விழுந்து கிடக்கிறான். நான் என் பிள்ளைக்காக அவளை ஷெல்லுக்குள் கூப்பிடுகிறேன். சரசக்கா வந்தாள். அவரிடம் குனியப் போனாள்.

"சரசு, கையைத் தூக்கு," என்றார் அவர். "இறக்கிப்போடாதை."

அவள் தூக்கினாள். அவருக்கு இரண்டு பக்கமும் கால் ஊன்றி நின்று, என் கூரையைப் பார்த்துக் கையைத் தூக்கினாள். அவள் வீட்டில் இப்போது யாருமில்லை. என் கை விடுதலை.

"உள்ளுக்குப் போடி! பிள்ளையிட்டைப் போ!" என்றாள் சரசக்கா.

போகவில்லை. வேலியைப் பிய்த்துக்கொண்டு அந்தப் பக்கம் போனேன். கனகு அண்ணையின் தலையை மடியில் எடுத்தேன். அவருடைய பெண்சாதியால் அவரைத் தொட முடியாது. தொட்டால் மதுரா இல்லை. நான் தொட்டேன். அவர் போகும்வரை வைத்திருந்தேன். சரசக்கா கீழே பார்க்கவில்லை. கண்ணீர் கழுத்தால் இறங்கியது. கை இறங்கவில்லை. காவலில்லாத அவள் வீடு எங்களுக்கு முன்னால் இடிந்து விழுந்தது. அவர்கள் வாசலில், படலையடியில் இரண்டு மூட்டைகள் கிடந்தன. அப்போதுதான் கண்டேன். விடியவே கட்டியிருக்கிறார்கள். ஓடியிருக்கலாம். எங்களால் ஓட முடியாது என்று நின்றிருக்கிறார்கள்.

பொழுதுபட ஷெல் நின்றது. யுத்தம் முடிந்துவிட்டது என்று கப்பலில் இருந்து ஒலிபெருக்கியில் சொன்னார்கள். சரசக்காவின் கைகளை நான்தான் பிடித்து இறக்கினேன். விறைத்திருந்தன.

பிறகு முகாம். பிறகு டென்மார்க். மந்திரம் கடல் தாண்டி வரவில்லை. சரசக்கா கிரின்ஸ்டெட்டில் தொழிற்சாலை வேலை. ஞாயிற்றுக்கிழமைகளில் கார் ஓடிப் போய்ப் பார்க்கிறேன். நாங்கள் அந்த நாளைப் பற்றிக் கதைப்பதில்லை. சோறு போடுவாள். சாப்பிடுவேன்.

போன மாதம் ஒரு டெனிஷ் பெண் வந்தாள். ஓதித்தீவாரின் இழப்புகளைப் பதிகிறாளாம். மதுரா மொழிபெயர்த்தாள். குடும்பத்தில் யார் இறந்தது? கணவர் என்றேன். கனகு அண்ணை என்றேன். உங்களுக்கு என்ன உறவு? அயல் என்றேன். "நாபோ," என்றாள் மதுரா. டெனிஷில் அயலவருக்கு அதுதான் சொல். அந்தப் பெண் பேனாவைத் தாளிலிருந்து எடுத்துவிட்டாள். குடும்பத்தை மட்டும்தான் எழுதுவதாம்.

மதுரா இப்போது என்னோடு டெனிஷில்தான் கதைப்பாள். அன்றைக்கு அந்தப் பெண்ணின் பக்கம் திரும்பினாள். "ஸ்க்ரிவ் ஹம்," என்றாள். அவரை எழுது. அந்தப் பெண் எழுதும்வரை விடவில்லை.

ஆகவே கணக்கு இது. தீவு போனது. அரசு போனது. ஒழுங்கையில் எங்கள் கூரை ஒன்றுதான் மிஞ்சியது. அதன் கீழே இப்போது யார் இருக்கிறார்கள் என்று தெரியாது. துறைக்கு ஓடியவர்களில் ஒருவரையும் பிறகு நான் காணவில்லை. எங்கள் வீட்டில் இழந்தது இரண்டு பேர்.