காணாத அண்ணனைக் கண்டறிந்த அம்மையாருக்கு

விண்ணை விழியால் அளந்த வித்தகியே! ஐயத்தையே அணிகலனாய் அணிந்த அறிவுச்செல்வமே! "இன்னொரு தடவை பாத்துடுவோம்" என்ற ஒற்றை வாக்கியத்தால் இயக்குநர் முதல் ஓட்டுநர் வரை அனைவரையும் ஆட்டிவைத்து, முதுகுக்குப் பின்னால் 'இன்னொருதடவை மேடம்' என்றே பெயர்பெற்ற எங்கள் பெருமைக்குரிய அம்மையீர்! அப்பெயர் தங்களுக்குத் தெரியாதென்று இத்தனை காலம் நம்பியிருந்தோம். தெரியும் என்பது நேற்றுத்தான் எங்களுக்குத் தெரிந்தது. பொறுத்தருள்க!

அந்திவானில் அருகருகே சுடரும் அவ்விரு விண்மீன்களை அறியாதார் யார்? மஞ்சளாய் மிளிர்பவள் அண்ணி. வெண்ணீலமாய் வெடுக்கென மின்னுபவள் நாத்தனார். கடலோடிகள் இவ்விருவரையும் வைத்தே திசை பிடித்தார்கள். ஒரே வீட்டில் உண்டு உறங்கியும் பேச்சுவார்த்தை இல்லாதோரை ஊரார் இவ்விருவர் பெயராலேயே கேலி செய்தார்கள். ஏறக்குறைய இருபது ஆண்டுக்கொருமுறை மஞ்சள் விண்மீன் வாரக்கணக்கில் மங்கிப்போகும். "அண்ணி மூஞ்சியத் தூக்கி வெச்சுக்கிட்டா" என்று சொல்லி, ஏதோ கேடு வருகிறதென்று படகுகளைக் கரையேற்றிக் கதவுகளை அடைத்தார்கள்.

தாங்கள் இம்மலைமேல் உள்ள வானாய்வகத்தில் பணியேற்ற புதிதில் அந்த மங்கல் வந்தது. புதுக்கருவிகள் அதைப் பதிவு செய்தன. மங்குவதற்குக் காரணம் ஒரு மாபெரும் கோள் என்று அன்றைய இயக்குநர் முடிவுகட்டி, பத்திரிகையாளர்களை அழைத்து அரங்கில் அமர்த்திவிட்டார். பக்கத்து அறையில், ஒளி அளவீட்டுப் பிரிவிலேயே இளையவரான தாங்கள் எழுந்து நின்றீர்கள்.

"சார், ஒரு கோள் மறைச்சா இவ்வளவு மங்காது. இன்னொரு தடவை பாத்துடுவோம்."

"வெளிய கேமராவோட உக்காந்திருக்காங்கம்மா. இப்பப் போய் என்ன சொல்றது?"

"தெரியலைன்னு சொல்லுவோம் சார். தெரியாததைத் தெரியலைன்னு சொல்றதுல என்ன வெக்கம்?"

அறிவிப்பு நின்றது. அரங்கு சிரித்தது, மறுநாள் நாளேடுகளும் சிரித்தன. தங்களுக்குக் கிடைத்த பரிசு, பார்வையாளர் கூடத்திற்கு மாற்றல்!

வேறொருவராயிருந்தால் மனமுடைந்து விலகியிருப்பார். தாங்களோ, பள்ளிப் பிள்ளைகளுக்குப் பகலெல்லாம் படத்தில் வானம் காட்டிவிட்டு, இரவில் எவரும் சீந்தாத பழைய சிறு தொலைநோக்கியைத் துடைத்தெடுத்து, ஆண்டுக்கணக்கில் நாத்தனாரின் நகர்வைத் தொடர்ந்தீர்கள். தங்கள் கணவரின் தங்கையார் இதோ முன்வரிசையில் முறைத்துக்கொண்டிருக்கிறார். அன்று அவர் சொன்ன சொல் எங்கள் உணவுக்கூடம் வரை புகழ்பெற்றது: "நீங்க போய் மேல இருக்குற நாத்தனாரைப் பாருங்க அண்ணி. பிள்ளைங்கள கீழ இருக்குற நாத்தனார் பாத்துக்குறேன்." உலக அறிவியலுக்கு அவர் ஆக்கிப்போட்ட சோற்றையும் இம்மடல் நன்றியோடு நினைக்கிறது.

நாத்தனாரின் பாதை வளைந்தது. அண்ணியின் ஈர்ப்பு மட்டும் அப்படி வளைக்கப் போதாது. அப்படியானால் இடையில் இன்னொருவர் இருக்கவேண்டும். எரிந்து முடிந்து, ஒளியெல்லாம் இழந்து, எடையை மட்டும் இழக்காத ஒரு விண்மீன்! அதைச் சூழ்ந்த தூசுப்பட்டையே அண்ணியின் முகத்தை அவ்வப்போது மறைக்கிறது. இரு பெண்களையும் ஒரு குடும்பமாய்க் கட்டிவைத்திருப்பவர், கண்ணுக்கே தெரியாத அண்ணன்! அடுத்த மங்கல் எந்த மாதம் தொடங்கும் என்று தாங்கள் எழுதிக் கையொப்பமிட்டுப் பலகையில் ஒட்டியபோது, சிரிக்கக் காத்திருந்தவர்களும் இருந்தார்கள்.

அண்ணி தவணை தவறவில்லை. தாங்கள் சொன்ன மாதத்தில் முகம் மங்கினாள். முன்பு அஞ்சிக் கதவடைத்த தெருக்கள் இம்முறை நாற்காலி போட்டு அமர்ந்து பார்த்தன. படகுகள் கடலுக்குச் சென்று மீனோடு திரும்பின. ஓய்வுபெற்ற இயக்குநர் கைத்தடியோடு மலையேறி வந்து, எல்லோர் முன்னிலும் சொன்னார்: "அன்னைக்கு நீங்க என் மானத்தை வாங்கிட்டீங்கன்னு நெனச்சேன். காப்பாத்தியிருக்கீங்கம்மா." தாங்கள் கண் கலங்கியதை நாங்கள் கண்டது அன்று ஒருநாள்தான்.

இன்று உலகெங்கும் ஒளியற்ற விண்மீன்களை எடைபோடுவோர் தங்கள் முறையையே தராசாகக் கொள்கிறார்கள். அண்ணி, நாத்தனார், அண்ணன் மூவருக்கும் வெறும் எண் போதும் என்று பன்னாட்டு வானியல் அவை பகர்ந்தபோது, "எண் இருக்கட்டும், பேரும் இருக்கட்டும். கடல்ல போறவங்க எண்ணைச் சொல்லியா கூப்பிடுவாங்க?" என்று வாதாடி வென்றவரும் தாங்களே!

அம்மையீர்! பணி ஓய்வு பெற்ற பின்னும் அடுத்த மங்கலுக்கு அவசியம் வரவேண்டும் என்று நேற்று நாங்கள் கெஞ்சியபோது தாங்கள் மறுத்தீர்கள். "நான் வந்தா எல்லாரும் என் மூஞ்சியப் பாப்பீங்க. வேலை கெட்டுடும். நீங்க வானத்தைப் பாருங்க" என்றீர்கள்.

அவ்வாறே செய்வோம். ஆனால் இன்று ஒருநாள், வானம் காத்திருக்கட்டும். தாங்கள் நோயற்று, நூறாண்டு கடந்து, இரவுகளில் நிம்மதியாய் உறங்கி நிறைவாழ்வு வாழ்க என்று வாழ்த்தியபடி, தங்கள் முகத்தையே பார்த்துக்கொண்டு நிற்கிறோம்.

என்றென்றும் தங்கள் அன்பில் திளைக்கும்,
ஒளி அளவீட்டுப் பிரிவினர், கணிப்பொறி அறையினர், பார்வையாளர் கூடத்தார், உணவுக்கூடத்தார், ஓட்டுநர்கள் மற்றும் ஆய்வகப் பணியாளர்கள் அனைவரும்